பின்பக்கமாகப் படி இறங்கியவர்

எங்கள் வீட்டுக்கு மேல் மாடியில் குடியிருந்த ஒருவர் தினமும் காலை எட்டு மணிக்குப் பின்பக்கமாகப் படி இறங்குவார். முகம் மேல்படிகளைப் பார்த்திருக்கும், முதுகு எங்கள் கதவைப் பார்த்திருக்கும், ஒரு கை கைப்பிடியை இறுக்கிப் பிடித்திருக்கும். பதினான்கு படிகள். கடைசிப் படி வந்ததும் அக்கம்பக்கம் பார்ப்பார், திரும்புவார், தோளை நிமிர்த்துவார், பிறகு கல்யாண மாப்பிள்ளை கணக்காக விறைப்பாகப் பார்க்கிங் லாட்டுக்கு நடந்துபோவார். ஆறடிக்கு மேல் உயரம், வைக்கோல் நிறத் தலைமுடி, எந்நேரமும் அரை டிராயர். இதையெல்லாம் நான் எப்படிப் பார்த்தேன் என்று கேட்டால், எங்கள் கதவில் பதித்திருந்த சின்னக் கண்ணாடித் துளை வழியாகத்தான். ஒளிந்து பார்ப்பது நல்ல பழக்கமில்லை என்று எனக்கும் தெரியும். ஆனால் ஏழே காலுக்கு வீட்டுக்காரர் மெட்ரோபார்க் ஸ்டேஷனுக்குக் கிளம்பிவிட்டால், மாலை ஏழரை வரை எனக்கு அந்த நாளில் நடக்கப்போகிற ஒரே விஷயம் அதுதான்.

இது தொண்ணூற்றெட்டாம் வருடக் கோடையில், நியூ ஜெர்சி எடிசனில். என் வீட்டுக்காரர் குமரேசன் மன்ஹாட்டனில் ஒரு கம்பெனிக்குப் புரோகிராம் எழுதினார். அவருக்கு எச்-ஒன் விசா, எனக்கு எச்-ஃபோர். எச்-ஃபோர் என்றால் என்ன என்று ஊரில் சித்தி போனில் கேட்டபோது, “சும்மா இருக்கிறதுக்குக் குடுக்கற விசா சித்தி” என்றேன். சித்தி சிரித்தார், கொடுத்துவைத்தவள் என்றார். சமைக்கலாம், கடைக்குப் போகலாம், லைசென்ஸ் எடுத்து கார் ஓட்டலாம். வேலை மட்டும் பார்க்கக் கூடாது. கோயம்புத்தூரில் ஓர் எலும்பு ஆஸ்பத்திரியில் ஆறு வருடம் பிசியோதெரபிஸ்டாக இருந்தவள் நான். மில் தொழிலாளிகள், பஸ் டிரைவர்கள், கபடி ஆடிக் காலை உடைத்துக்கொண்ட கல்லூரிப் பையன்கள் என்று ஒரு நாளைக்கு முப்பது பேருக்கு மேல் என் கை வழியாகப் போவார்கள். கிரீன் கார்டு வந்தால் இங்கே பரீட்சை எழுதி அதே வேலையைப் பார்க்கலாம். அது “இன்னும் ரெண்டு மாசத்துல” வந்துவிடும் என்று வீட்டுக்காரர் சொல்லிக்கொண்டிருந்தார். அந்த ரெண்டு மாசத்துக்குள் நாங்கள் எடிசனில் மூன்று வருடம் முடித்திருந்தோம்.

படி இறங்கும் ஆளைப் பார்க்கப் பார்க்க எனக்குக் கை குறுகுறுத்தது. மனிதருக்கு வலது முட்டி சரியில்லை, அது ஒரு வாரத்திலேயே தெரிந்துவிட்டது. முன்பக்கமாக இறங்கினால் உடம்பின் பாரம் முழுக்க வளைந்த முட்டியில் இறங்கும், அதனால்தான் இந்தச் சர்க்கஸ். ஆனால் யாரும் பார்த்துவிடக் கூடாது என்று அவர் ஏன் இப்படித் துடிக்கிறார் என்பதுதான் புரியவில்லை. ஒரு நாள் பொறுக்க மாட்டாமல் கதவைத் திறந்துவிட்டேன். அவர் ஆறாவது படியில் நின்று, தலையைத் திருப்பிப் பார்த்தார். குட் மார்னிங் சொல்லியிருக்கலாம், வெயிலைப் பற்றி ஏதாவது சொல்லியிருக்கலாம். என் வாய் அதற்குள், “வலது முட்டிதானே? மடக்கினால் மாட்டிக்கொள்கிறதா?” என்று ஆங்கிலத்தில் கேட்டுவிட்டது. அவர் முகம் செத்துப்போய்விட்டது. “நீங்கள் கிளப் ஆளா?” என்றார். எந்தக் கிளப் என்று எனக்கு விளங்கவில்லை. இல்லை, கீழ்வீடு, என் பெயர் மணி என்றேன்.

மறுநாள் அவர் மனைவி கதவைத் தட்டினாள். பிர்கிட் என்று பெயர், டென்மார்க்காரி. அவர் பெயர் யெஸ்பர். டென்மார்க்கிலிருந்து வந்த கால்பந்து ஆட்டக்காரர், அதுவே தொழில், அணியில் முன்வரிசையில் நின்று கோல் போடுகிறவர். எங்கள் பக்கத்தில் அப்போது இருந்த ஒரு சின்ன கிளப் அவரைக் கூட்டி வந்து இந்த அபார்ட்மெண்டில் வைத்திருந்தது. அந்த கிளப் இன்று இல்லை, பெயர் வேண்டாம். அக்டோபரில் ஒப்பந்தம் முடிகிறது, அதற்குமேல் புதுப்பிப்பார்களா என்பது கால் எப்படி ஓடுகிறது என்பதைப் பொறுத்தது. கிளப்பின் பிசியோவிடம் காட்டினால் அன்று மாலையே கோச் காதுக்குப் போய்விடும். ஒப்பந்தம் போனால் விசாவும் போகும். இதையெல்லாம் பிர்கிட் என் சமையலறையில் நின்றபடி சொன்னாள். அவளும் ஊரில் பள்ளிக்கூட டீச்சர். இங்கே அவளுக்குப் பி-ஃபோர், அதுவும் வேலை பார்க்கக் கூடாத விசா. நாலாம் நம்பர்காரிகள் இரண்டு பேரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டோம்.

நான் ஒப்புக்கொண்டேன். வீட்டுக்காரரிடம் சொல்லவில்லை. சொன்னால் என்ன சொல்வார் என்று வார்த்தைக்கு வார்த்தை தெரியும். தினமும் மதியம் மூன்று மணிக்கு, யெஸ்பர் பயிற்சி முடிந்து வந்த பிறகு, நான் மேலே போவேன், பிர்கிட் கட்டாயம் கூட இருக்க வேண்டும் என்பது என் நிபந்தனை. காசு ஒரு சென்ட்டும் வாங்கவில்லை. வாங்காதவரை அது வேலை ஆகாது என்று எனக்கு நானே சட்டம் எழுதிக்கொண்டேன். முதல் நாள் அவரைத் தரைவிரிப்பில் படுக்கவைத்து, ஒரு கையால் தொடையைப் பிடித்து, இன்னொரு கையால் முட்டிக்குக் கீழே எலும்பை முன்னால் இழுத்துப் பார்த்தேன். நல்ல முட்டி என்றால் கொஞ்சம் வந்து டக்கென்று நின்றுவிடும். இது நிற்கவில்லை. நாடா தளர்ந்த கட்டில் மாதிரி வந்துகொண்டே இருந்தது. நடு ஜவ்வு அறுந்து வருடக்கணக்காகியிருக்கும். இத்தனை நாள் தொடைச் சதையின் பலத்தால் ஓடியிருக்கிறார். இப்போது முட்டிக்குள் இருக்கும் மெத்தையும் கிழிந்து நடுவில் சிக்குகிறது. நான் டாக்டர் இல்லை, ஸ்கேனும் எடுக்கவில்லை. ஆனால் ஆறு வருடம் முட்டி பிடித்த கைக்கு இது தெரியாமல் போகாது.

“எப்படி இருக்கிறது?” என்று கேட்டார். நான் அவர் கண்ணைப் பார்த்துச் சிரித்து, “மெல்ல மெல்லச் சரியாகும்” என்றேன். அதைச் சொல்வதற்கு நான் ஒரு நொடிகூட யோசிக்கவில்லை. எங்கள் ஆஸ்பத்திரியில் அப்படித்தான் பழக்கம். கெட்ட சேதியைப் படுத்திருப்பவரிடம் சொல்வது கிடையாது. கூட வந்தவர்களில் கொஞ்சம் விவரமானவர் யார் என்று பார்த்து, அவரைக் கண்ஜாடை காட்டி வராந்தாவுக்குக் கூப்பிட்டு, அங்கே சொல்வோம். அவர் தலையைப் பிடித்துக்கொண்டு கொஞ்ச நேரம் நிற்பார், பிறகு முகத்தைத் துடைத்துக்கொண்டு உள்ளே போய், “ஒண்ணுமில்லையாமா” என்பார். பக்குவமாக எப்போது, எப்படிச் சொல்வது என்பது இனி அந்தக் குடும்பத்தின் பொறுப்பு.

கோபிப் பக்கத்துப் பஸ் டிரைவர் ஒருவர் இருந்தார், பழனிசாமி. விபத்தில் இடது கால் நசுங்கிவிட்டது. இனி கிளட்ச் மிதிக்க முடியாது என்று நான் அவர் மச்சானிடம் சொன்னேன். மச்சான் நல்ல மனுஷர், மூன்று மாதம் வாயே திறக்கவில்லை. கடைசியில் பழனிசாமி விஷயத்தைத் தெரிந்துகொண்டது, பஸ் ஸ்டாண்டுக்கு எதிரில் அவர் பெயரில் ஒரு பழக்கடைக்குப் பூஜை போட்ட அன்றைக்குத்தான். சூடம் காட்டும்போது அவர் அழுதார் என்று மச்சான் வந்து சொன்னார். எவ்வளவு அழகாகச் சமாளித்தார்கள் என்று நான் அன்று ஊழியர் அறையில் எல்லாரிடமும் சொல்லிச் சொல்லிப் பெருமைப்பட்டேன். அந்த மூன்று மாதமும் பழனிசாமி தினம் காலையில் என்னிடம் வந்து, பல்லைக் கடித்துக்கொண்டு கிளட்ச் மிதிப்பதற்குப் பயிற்சி எடுத்தார். அது அப்போது எனக்கு ஒரு விஷயமாகவே படவில்லை.

யெஸ்பருக்குத் தொடைச் சதைக்குப் பயிற்சி கொடுத்தேன், ஐஸ் வைத்தேன், கட்டுப் போட்டேன். வலி கொஞ்சம் குறைந்தது. வலி குறைந்ததும் மனிதர் பேச ஆரம்பித்துவிட்டார். அவருடைய பதினைந்து வருட ஆட்டமும் அந்தக் காலில்தான் எழுதியிருந்தது. முழங்கால் எலும்பின் மேல் இருந்த தையல் ஜெர்மனி. அங்கே இரண்டாம் டிவிஷனில் ஆடும்போது பாதி ஆட்டத்தில் தைத்துக்கொண்டு மறுபடி இறங்கியிருக்கிறார். கணுக்கால் வீக்கம் பெல்ஜியம். அவர் நாடு பெரிய கோப்பை ஒன்றை ஜெயித்த கோடையில், இவர் பெல்ஜியத்தில் காலைத் தலையணை மேல் வைத்துக்கொண்டு டிவியில் பார்த்தாராம். தேசிய அணிச் சட்டையை ஒரே ஒரு முறை போட்டிருக்கிறார், பதினோரு நிமிடம், அதில் பந்து அவர் காலுக்கு மூன்று தடவை வந்தது. அறுந்த ஜவ்வு சைப்ரஸ். அங்கே யாரும் அது என்னவென்று பார்க்கவில்லை, ஊசி போட்டு அனுப்பிவிட்டார்கள். ஒவ்வொரு முறையும் கிளம்பும்போது மேலே போகிறோம் என்றுதான் நினைத்தாராம். பிறகு கவனித்தாராம், நாடு மாற மாற மைதானம் சின்னதாகிக்கொண்டே வருவதை.

இங்கே அவர்கள் ஆடியது ஒரு பள்ளிக்கூட மைதானத்தில். ஒரு சனிக்கிழமை வீட்டுக்காரர் ஆபீஸ் போயிருந்தபோது பிர்கிட் என்னைக் கூட்டிப்போனாள். வேறு ஏதோ விளையாட்டுக்குப் போட்ட மஞ்சள் கோடுகள் தரையெல்லாம் ஓடின, எது எல்லை என்று எனக்குக் கடைசிவரை பிடிபடவில்லை. அப்பாக்களும் அம்மாக்களும் மடக்கு நாற்காலியில் உட்கார்ந்து எல்லாவற்றுக்கும் கைதட்டினார்கள், பந்து வெளியே போனாலும் தட்டினார்கள். யெஸ்பர் முன்னால் தனியாக நின்றுகொண்டிருந்தார். முன்வரிசைக்காரன் வேலையே காத்திருப்பதுதான் என்று அவர் சொல்லியிருந்தார், பந்து வருமா வராதா என்று தெரியாமல் ஆனால் வரும் என்ற மாதிரியே ஓடிக்கொண்டிருக்க வேண்டுமாம். ஒரு முறை பந்து வந்தது. திரும்பி உதைக்கப் போனவர், திரும்பாமல் வேறொருவருக்குத் தள்ளிவிட்டார். திரும்பினால் முட்டி விட்டுவிடும் என்பது அந்த மைதானத்தில் எனக்கும் அவருக்கும் மட்டும்தான் தெரியும் என்று நினைத்துக்கொண்டேன். 

ஜூலை கடைசியில் அவருக்கு ஊரிலிருந்து ஒரு கடிதம் வந்தது. அவர் பிறந்தது மேற்குக் கடற்கரையில் ஒரு மீன்பிடி ஊர். அங்கே அவர் முதன்முதலில் ஆடிய கிளப்பில் பையன்கள் அணிக்குக் கோச் வேண்டும், வருகிறாயா, வெள்ளிக்கிழமைக்குள் பதில் சொல் என்று எழுதியிருந்தார்கள். பிர்கிட்டின் முகத்தை அன்று பார்க்க வேண்டும். ஐந்து வீடு மாறிய பெண், சொந்த ஊரில் மறுபடி பள்ளிக்கூடம் போகலாம் என்ற நினைப்பிலேயே பத்து வயது குறைந்துவிட்டாள். ஆனால் அவருக்கு இன்னும் ஓட ஆசை. செவ்வாய்க்கிழமை மதியம் தரைவிரிப்பில் படுத்துக்கொண்டு என்னிடம் நேராகக் கேட்டார்: “மணி, இந்தக் கால் அடுத்த வருஷம் ஓடுமா? ஓடுமென்றால் நான் இங்கே இருப்பேன். ஓடாதென்றால் ஊருக்குப் போவேன். சொல்லுங்கள்.”

இதைவிடத் தெளிவாக ஒரு மனிதர் எப்படிக் கேட்பார்? நான் கட்டை அவிழ்த்துக்கொண்டே, “பார்க்கலாம், மெல்ல மெல்ல” என்றேன். ஏமாற்ற வேண்டும் என்று நினைக்கவில்லை. மனசுக்குள் கணக்குப் போட்டுவிட்டேன்: பிர்கிட்டிடம் தனியாகச் சொல்லிவிட வேண்டும், அவள் பக்குவமாகப் பேசி அவரை ஊருக்குக் கூட்டிப்போய்விடுவாள், அவருக்கும் தோற்றோம் என்று தன் வாயால் சொன்னதாக இருக்காது. செவ்வாய்க்கிழமை அவள் தனியாக மாட்டவில்லை. புதன்கிழமையும் மாட்டவில்லை. வியாழக்கிழமை காலை துணி துவைக்கும் அறையில் மாட்டினாள். மெஷின் சத்தத்துக்கு நடுவில், கதவை ஒருமுறை பார்த்துவிட்டு, குரலைத் தாழ்த்திச் சொன்னேன். அவர் இனி ஆடக் கூடாது. ஆடினால் நாற்பது வயதில் படி ஏற முடியாது. முதல் நாளே எனக்குத் தெரியும்.

அவள் தலையைப் பிடித்துக்கொண்டு நிற்பாள் என்று நான் எதிர்பார்த்தேன். அவள் என்னை வேற்றுக்கிரக ஆளைப் பார்ப்பது போலப் பார்த்தாள். “இதை ஏன் என்னிடம் சொல்கிறீர்கள்?” என்றாள். நீங்கள் மனைவி என்றேன். “கால் அவருடையது” என்றாள். பிறகு ஈரத்துணியை மெஷினிலேயே விட்டுவிட்டு, “நேற்று சாயங்காலம் அவர் ஃபேக்ஸ் அனுப்பிவிட்டார், வரவில்லை என்று” என்றாள். அவள் கோபத்தில் கத்தியிருந்தால்கூடத் தேவலை. நேராக மாடிக்குப் போனாள். பக்குவம், நேரம் காலம் எதுவும் பார்க்காமல் அப்படியே போய்ச் சொல்லியிருக்கிறாள் என்பது நான் வீட்டுக்குள் நுழைந்தபோது மேலே கேட்ட நாற்காலி தள்ளும் சத்தத்திலேயே தெரிந்தது. எனக்கு நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போல இருந்தது.

அன்று மாலை வீட்டுக்காரர் ஷூவைக் கழற்றிக்கொண்டிருந்தபோது கதவு தட்டப்பட்டது. யெஸ்பர் உள்ளே வரவில்லை. வாசலிலேயே நின்று, “எந்த நாளிலிருந்து தெரியும்?” என்று கேட்டார். முதல் நாளிலிருந்து என்றேன். ஊரில் ஃபோன் பண்ணிப் பார்த்ததாகவும், அந்த இடத்தை இன்று மதியமே வேறொருவருக்குக் கொடுத்துவிட்டதாகவும் சொன்னார். குரலை உயர்த்தவே இல்லை. “கிளப் பிசியோ கிளப்புக்கு வேண்டியதைச் சொல்வான். பிர்கிட் அவளுக்கு வேண்டியதைச் சொல்வாள். உங்களுக்கு என்னிடம் எதுவும் வேண்டியதில்லை. அதனால்தான் உங்களைக் கேட்டேன்” என்றார். நான் வேதனைப்படுத்தக் கூடாதென்றுதான், எங்கள் ஊரில் இப்படி, என்று ஏதேதோ உளறினேன். அவர் கேட்டுவிட்டு, கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு மேலே போனார்.

என் வீட்டுக்காரர் ஒரு கையில் ஷூவோடு நின்றிருந்தார். “என்ன பண்ணிட்டு இருந்திருக்கற நீ? யாராச்சும் ரிப்போர்ட் பண்ணுனா என் எச்-ஒன்னுக்கே ப்ராப்ளம் ஆயிரும், தெரியுமா? எங்கிட்ட ஒரு வார்த்த சொல்லோணும்னு தோணலியா?” என்றார். காசு வாங்கலையே என்றேன். “காசு வாங்குனாத்தான் வேலையா? ஏற்கெனவே நம்ம பேப்பர் இருக்கற நெலமைக்கு...” என்று ஆரம்பித்து, சட்டென்று நிறுத்தி, குளிக்கப் போய்விட்டார். பேப்பருக்கு என்ன நிலைமை என்று நான் கேட்கவில்லை. அன்று எனக்கு என் பாவமே பெரிதாக இருந்தது.

ஞாயிற்றுக்கிழமை ஈரோட்டிலிருந்து அப்பா பேசினார். தங்கை கலா முழுகாமல் இருக்கிறாள் என்ற சேதி. கலாவின் கல்யாணம் பிப்ரவரியில் நடந்தது, நான் போகவில்லை. கிரீன் கார்டு பேப்பர் கடைசிக் கட்டத்தில் இருக்கிறது, இப்போது நாட்டை விட்டு வெளியே போனால் சிக்கலாகிவிடும் என்று வீட்டுக்காரர் சொன்னார், அப்பாவும், “நீ வர வேண்டாம் அம்மிணி, அங்க காரியம் முக்கியம்” என்றார். கேசட்டில்தான் பார்த்தேன், நாத்தனார் முறைக்கு யார் யாரோ நின்றார்கள், என் இடத்தில் பெரியப்பா மகள் நின்று மாலை எடுத்துக் கொடுத்தாள். அதை நினைத்துக்கொண்டு நான், “கலாவுக்குக் கொழந்த பொறக்கறதுக்குள்ள கார்டு வந்துரும்ப்பா, வந்தர்றேன்” என்றேன். அப்பா சமாதானமாக, “அதுக்கென்ன அம்மிணி, அவசரமா? கம்பெனி கை மாறிப்போச்சு, எல்லாம் மறுபடியும் மொதல்ல இருந்துதான்னு மாப்ள தீவாளி சமயத்துலயே சொன்னாரு. நாலு வருசமோ அஞ்சு வருசமோ, வர்றப்ப வரட்டும்” என்றார். “என்னப்பா சொல்றீங்க?” என்றேன். “உனக்குத் தெரியும்னு நெனச்சுட்டன் சாமி” என்றார். இத்தனை நாளில் வீட்டுக்காரர் எப்படியும் என்னிடம் சொல்லியிருப்பார் என்று நினைத்திருக்கிறார்.

தீபாவளிக்கு அடுத்து ஒன்பது மாதம். ஒன்பது மாதமாக என்னைச் சுற்றி எல்லாருக்கும் தெரிந்திருக்கிறது. பிப்ரவரியில் கட்டிக் காப்பாற்றுவதற்குப் பேப்பர் என்று ஒன்றே இல்லை, நான் போய் என் தங்கைக்கு மாலை எடுத்துக் கொடுத்துவிட்டு வந்திருக்கலாம். போனால், திரும்பி வர விசா முத்திரை வாங்கும்போது பேப்பர்களைப் பார்ப்பேன், பார்த்தால் தெரிந்துவிடும் என்று அப்பாவும் வீட்டுக்காரரும் அப்போது பேசி முடிவெடுத்திருக்கிறார்கள். வீட்டுக்காரரிடம் கேட்டபோது மறைக்கவில்லை. கார்ப்பெட்டைப் பார்த்துக்கொண்டு, “நீ ஒடஞ்சு போயிருவேன்னுதான். நேரம் பாத்துச் சொல்லலாம்னு இருந்தேன்” என்றார். அந்தக் குரல் எனக்கு மிகவும் பழக்கமான குரல். வராந்தாவிலிருந்து உள்ளே வருகிறவர்களின் குரல். கத்த வேண்டும் என்று வாயைத் திறந்தேன், வியாழக்கிழமை வாசலில் நின்று யெஸ்பர் கேட்ட கேள்வியைத் தவிர வேறு ஒன்றும் எனக்கு வரவில்லை. அதைக் கேட்க எனக்கு யோக்கியதை இருக்கிறதா என்றும் தெரியவில்லை. அன்றைக்கு அழுதேன், நன்றாகவே அழுதேன், கலாவுக்காகவா யெஸ்பருக்காகவா என்று பிரிக்க முடியவில்லை.

யெஸ்பர் கோச்சிடம் தானே போய்க் காலைப் பற்றிச் சொல்லிவிட்டார் என்று பிர்கிட் சொன்னாள். மறுவாரமே ஒப்பந்தத்தை முடித்து டிக்கெட் கொடுத்துவிட்டார்கள். பெட்டி கட்டும் நாளில் அவர் என்னைக் கூப்பிட்டனுப்பினார். காலியான ஹாலில் தரைவிரிப்பில் உட்கார்ந்து காலை நீட்டி, “இப்போது சொல்லுங்கள். முழுவதும்” என்றார். என் வாழ்நாளில் ஒரு நோயாளியின் முகத்தைப் பார்த்து நான் அதுவரை அப்படிச் சொன்னதில்லை.  ஜவ்வு அறுந்தது எப்போதாக இருக்கும், மெத்தை எவ்வளவு தேய்ந்திருக்கும், ஆபரேஷன் செய்தால் நடக்கலாம், ஆட முடியாது, ஐம்பது வயதில் மூட்டு மாற்ற வேண்டிவரலாம் என்று ஒன்றுவிடாமல் சொன்னேன். அவர் நடுவில் இரண்டு கேள்வி கேட்டார், இரண்டும் நல்ல கேள்விகள். உடைந்து போகவில்லை. தேங்க் யூ என்றார். மன்னித்தேன் என்று சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. பிர்கிட் மட்டும் என்னைக் கட்டிக்கொண்டாள். ஊரில் போய் என்ன செய்வார் என்று கேட்டேன். மீன் கம்பெனியில் அவர் அப்பாவுக்குத் தெரிந்தவர்கள் இருக்கிறார்கள் என்றாள்.

அவர்கள் போன மறுநாள், எங்கள் கிரீன் கார்டு பேப்பரைப் பார்த்துக்கொண்ட வக்கீல் ஆபீசுக்கு நானே போன் செய்தேன். என் விஷயத்தை இனி நானே கேட்டுத் தெரிந்துகொள்கிறேன் என்ற வேகம். பெயர், பிறந்த தேதி எல்லாம் கேட்டுவிட்டு அங்கிருந்த பெண் மிகவும் மரியாதையாக, “நீங்கள் டிபெண்டண்ட், மேம். ஃபைல் உங்கள் கணவர் பெயரில் இருக்கிறது. அவரிடம்தான் பேச முடியும்” என்றாள். கால் அவரவருடையது என்று சொல்லிக்கொடுத்த ஊர்க்காரர்கள் கிளம்பிப் போய் ஒரு நாள்கூட ஆகவில்லை. என் வாழ்க்கையும் அந்த ஃபைலில் இருக்கிறது என்றேன். புரிகிறது மேம் என்றாள். ரிசீவரை வைத்துவிட்டுச் சமையலறையில் அப்படியே நின்றேன். ஊரில் அப்பாவிடம் சொல்வார்கள், இங்கே வீட்டுக்காரரிடம் சொல்வார்கள். நான் எந்த ஊரில் நின்று கேட்பது?

அடுத்த நாள் காலை வீட்டுக்காரர் ரயிலை விட்டுவிட்டு உட்கார்ந்தார். நான்தான் உட்காரவைத்தேன். சமையலறைச் சுவரில் இருந்த போனில் வக்கீல் ஆபீஸ் நம்பரைப் போட்டார். அந்தப் பெண் எடுத்ததும், இவர் பழக்கதோஷத்தில் ரிசீவரோடு எழுந்து, சுருள் வயர் நீளும் வரை இழுத்துக்கொண்டு பெட்ரூமுக்குள் போய், எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு கட்டிலில் உட்கார்ந்தார். வேண்டுமென்று செய்யவில்லை, அவருக்கே தெரியாது. நான் எழுந்து போனேன். பக்கத்தில் உட்கார்ந்து, அவர் காதுக்கும் ரிசீவருக்கும் நடுவில் என் காதை நுழைத்தேன். அவர் என்னைத் திரும்பிப் பார்த்தார், விலக்கவில்லை. ரிசீவரைக் கொஞ்சம் சாய்த்துப் பிடித்தார்.  கன்னத்தோடு கன்னம் ஒட்ட இரண்டு பேரும் கேட்டோம்: புது கம்பெனி, புது விண்ணப்பம், எல்லாம் முதலிலிருந்து, நாலு வருடத்துக்குக் குறையாது, ஐந்தும் ஆகலாம், வேறெதுவும் இப்போதைக்குச் சொல்ல முடியாது. அவள் பேசி முடித்துவிட்டு, “வேறு ஏதாவது கேட்க வேண்டுமா, சார்?” என்றாள்.

“நான் எப்போது வேலைக்குப் போகலாம்?” என்று கேட்டேன், நான்.

அந்தப் பக்கம் காகிதம் புரளும் சத்தம் நின்றது. “சார், லைனில் வேறு யாராவது இருக்கிறார்களா?” என்றாள். வீட்டுக்காரர் என்னைப் பார்த்தார். வந்து மூன்று வருடத்தில் போனில் ஆங்கிலம் தவிர வேறு எதிலும் வெள்ளைக்காரர்களுக்கு நான் பதில் சொன்னதில்லை. அன்று எங்கிருந்தோ, கோயம்புத்தூர் வார்டில் பெயர் கூப்பிட்டால் பதில் சொல்வார்களே, அந்த மாதிரி வாயில் வந்துவிட்டது.

“இருக்கறனுங்க” என்றேன்.